ஏட்டின் வயதும் ஆனேக்கல் விமான நூலும்

பழைய நூல் என்று ஒன்று முன்வைக்கப்படும்போது, அதில் கூறப்படும் அதிசயங்களைப் பற்றியே மக்கள் முதலில் வினவுகின்றனர். அந்நூல் எப்பொழுது, எவரால், எதன்மீது எழுதப்பட்டது என்னும் கேள்வி பின்னுக்குத் தள்ளப்படுகிறது. பல வேளைகளில் கேட்கப்படுவதே இல்லை. விஞ்ஞான முறைப்படி இந்த வரிசை தலைகீழாக இருத்தல் வேண்டும். வயதை நிலைநாட்டாமல் ஒரு நூலின் பெருமையைப் பேசுவது, எல்லைக் கல்லைப் பாராமல் நிலத்தின் பரப்பைக் கூறுவதற்கு ஒப்பாகும்.

காலத்தை நிறுத்தவும், பின்னோக்கித் திருப்பவும், வருவதை முன்கூட்டிக் காணவும் வழி கூறும் ஏடுகள் ஏதோ ஒரு மடத்திலோ மலைக்குகையிலோ மறைந்துள்ளன என்னும் பேச்சு கிராமங்களில் மட்டுமன்றி நகரங்களிலும் உலவுகிறது. ஆசிரியரிடம் மாணவர் இதைக் கேட்கின்றனர். களப்பணியாளரிடம் ஊர்ப் பெரியவர்கள் கூறுகின்றனர். ஆனால் காலத்தைப் பற்றி இந்நாட்டில் உண்மையாகவே எழுந்த பழைய நூல்கள் காலத்தைத் திருப்ப முயலவில்லை. அதை அளக்கவே முயன்றன. லகதர் இயற்றியதாகக் கூறப்படும் வேதாங்க ஜோதிடம், நாழிகையை நீர்ப் பாத்திரங்கொண்டு அளக்கும் முறையைத் தருகிறது. மிக நீண்ட பகலுக்கும் மிகக் குறுகிய பகலுக்கும் உள்ள விகிதம் மூன்றுக்கு இரண்டு என்றும் அது கணக்கிடுகிறது. இந்த விகிதம் பெங்களூருக்கோ தஞ்சைக்கோ பொருந்தாது. பெங்களூரில் அவ்விரு பகல்களுக்கும் இடையேயுள்ள வேற்றுமை ஏறத்தாழ ஒன்றரை மணி நேரமே. மூன்றுக்கு இரண்டு என்பது ஏறத்தாழ 35 பாகை வட அட்சத்தில் உள்ள இடத்துக்கே ஒத்துவரும். ஆகவே அந்த ஓர் எண்ணை வைத்தே, அந்நூலின் கணக்கு எங்கு பிறந்தது, பிற நாட்டிலிருந்து வந்ததா என்று அறிஞர் நெடுங்காலமாக வாதிட்டு வருகின்றனர். ஆரியபட்டரோ இன்னும் தெளிவாகப் பேசுகிறார். கலியுகத்தில் 3600 ஆண்டுகள் கழிந்தபோது தமக்கு வயது 23 என்று அவரே கூறியிருப்பதால், கி.பி. 499 என்னும் ஆண்டு ஐயத்துக்கு இடமின்றிக் கிடைக்கிறது.

உண்மையான நூல், தான் பிறந்த இடத்தின் அடையாளத்தையும் காலத்தின் அடையாளத்தையும் தன்னை அறியாமலே சுமந்து வருகிறது என்பதற்கு இவை சான்று. புனையப்பட்ட நூலும் அவ்வாறே சுமந்து வருகிறது. இந்த இரண்டாவது உண்மை முழுமையாகச் சோதித்து நிறுவப்பட்ட இடம் பெங்களூர். சோதிக்கப்பட்ட நூல், பரத்வாஜ மகரிஷியின் பெயரால் வழங்கும் வைமானிக சாஸ்திரம். அது காலத்தை மாற்றும் வித்தையைப் பற்றியதன்று; ஆகாய விமானங்களைப் பற்றியது. ஆயினும் அதிசய ஏடு எதனையும் எவ்வாறு எடைபோட வேண்டும் என்பதற்கு இதனினும் சிறந்த எடுத்துக்காட்டு இந்தப் பகுதியில் இல்லை.

பெங்களூருக்குத் தெற்கே, தமிழ்நாட்டு எல்லைக்கு அண்மையில் உள்ள ஊர் ஆனேக்கல். ஓசூர் வட்டத்துக் கிராமம் ஒன்றில் பிறந்து அவ்வூரில் வாழ்ந்த பண்டித சுப்பராய சாஸ்திரி, 1918 முதல் 1923 வரை வெங்கடாசல சர்மா என்பவருக்கு வடமொழிச் சுலோகங்களாக இந்நூலைச் சொல்ல, அவர் எழுதிக்கொண்டார். முனிவரின் வாக்கு தமக்கு உள்ளுணர்வால் வெளிப்பட்டது என்பது சாஸ்திரியாரின் கூற்று. அதாவது, ஓலைச்சுவடி என்று ஒன்று எந்தக் கட்டத்திலும் இருந்ததில்லை. காகிதத்தில், இருபதாம் நூற்றாண்டில், ஒருவர் சொல்ல ஒருவர் எழுதிய நூல் இது. நூலுக்குரிய விமானப் படங்கள் 1923-ஆம் ஆண்டில் பெங்களூரில் எல்லப்பா என்னும் வரைவாளரால் சாஸ்திரியாரின் விளக்கப்படி வரையப்பட்டன; அவர் உள்ளூர்ப் பொறியியற் கல்லூரி ஒன்றில் பணியாற்றியவர். 1959-இல் சுவாமி பிரம்மமுனி பரிவ்ராஜகரின் ஹிந்திப் பதிப்பும், 1973-இல் மைசூர் ஜி. ஆர். ஜோஸ்யரின் ஆங்கில மொழிபெயர்ப்பும் வெளிவந்தன. பிந்திய பதிப்பே நூலை உலகெங்கும் பரப்பியது.

நூலில் ஏறத்தாழ 3000 சுலோகங்கள் உள்ளன. சகுன விமானம், சுந்தர விமானம், ருக்ம விமானம், திரிபுர விமானம் என நான்கு வகை விரிவாக வருணிக்கப்படுகின்றன. திரிபுர விமானம் நிலத்திலும் நீரிலும் வானிலும் செல்லுமாம். விமானி அறிய வேண்டிய 32 இரகசியங்களும் கூறப்படுகின்றன. விமானத்தைக் கண்ணுக்குப் புலப்படாமல் மறைப்பதும், பகை விமானத்துள் நிகழும் பேச்சை ஒட்டுக்கேட்பதும் அவற்றுள் அடங்கும். முதல் உலகப் போரின் செய்திகள் பத்திரிகைகளில் வந்துகொண்டிருந்த ஆண்டுகளிலேயே இந்நூல் சொல்லத் தொடங்கப்பட்டது என்பதை இங்கே நினைவிற் கொள்வது தகும்.

ஆங்கிலப் பதிப்பு வெளிவந்த மறு ஆண்டே, பெங்களூர் இந்திய விஞ்ஞானக் கழகத்தின் விமானப் பொறியியல், இயந்திரப் பொறியியல் துறைகளைச் சேர்ந்த ஐவர் அதை ஆராய்ந்து முடிவை வெளியிட்டனர். எச். எஸ். முகுந்தா, எஸ். எம். தேஷ்பாண்டே, எச். ஆர். நாகேந்திரா, ஏ. பிரபு, எஸ். பி. கோவிந்தராஜு என்போர் அவ்வைவர். இந்த ஆராய்ச்சியில் போற்றத்தக்கது அதன் முடிவைக் காட்டிலும் அதன் வழிமுறையே. விமானம் பறக்குமா என்னும் கேள்வியோடு அவர்கள் நிற்கவில்லை. நூலின் வரலாறு என்ன, யார் சொன்னார், யார் எழுதினார், படம் வரைந்தவர் யார் என்று ஆனேக்கல் வரையில் தேடிச் சென்றனர். மொழியை ஆராய்ந்தனர், அது வேதகால வடமொழியன்று, எளிய பிற்கால நடை என்று கண்டனர். இவற்றையெல்லாம் சேர்த்து, நூல் 1904-ஆம் ஆண்டுக்கு முற்பட்டதாக இருக்க முடியாது என்னும் முடிவுக்கு வந்தனர். கையெழுத்துப் பிரதியின் வரலாற்றை மறைத்தோ திரித்தோ கூறிய பொறுப்பு வெளியீட்டில் தொடர்புடையோரைச் சாரும் என்பதும் அவர்களுடைய கருத்து.

விமானங்களைப் பற்றிய முடிவு இன்னும் கடுமையானது. வருணிக்கப்பட்டவற்றுள் எதுவும் பறக்கும் தன்மை உடையதன்று. வடிவங்கள் பறத்தலுக்குச் சற்றும் ஏலாதவை. உந்துமுறைகள் பறத்தலுக்குத் துணை செய்வதற்குப் பதிலாக அதனைத் தடுக்கும். ஓரளவேனும் பொருளுடையதாக அவர்களுக்குத் தோன்றியது ருக்ம விமானம் ஒன்றே. நீண்ட குழாய்களின் உச்சியில் விசிறிகளை வைத்து, மேலிருந்து காற்றை உறிஞ்சிக் கீழே தள்ளி எழும்புவது என்பது அதன் அமைப்பு. காற்றைக் கீழே தள்ளினால் எதிர்விசை மேல்நோக்கி எழும் என்பது உண்மை. பள்ளி மாணவனும் மின்விசிறியைத் திருப்பிப் பிடித்து இதை அறியலாம். ஆனால் எத்தனை காற்று, எத்தனை வேகம், அதற்கு எத்தனை ஆற்றல், அந்த ஆற்றலைத் தரும் எந்திரத்தின் எடை எவ்வளவு என்னும் கணக்கில்தான் விமானம் எழும்புவதும் எழும்பாததும் தீர்மானிக்கப்படுகிறது. அந்தக் கணக்கு நூலில் இல்லை.

இவ்விடத்தில் ஓர் ஒப்பீடு பயன்படும். ரைட் சகோதரர்கள் 1903 டிசம்பரில் முதன்முறை பறந்தது 12 விநாடி. கடந்த தூரம் 120 அடி. அதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே காற்றுச் சுரங்கம் ஒன்றைத் தாமே அமைத்து, ஏறத்தாழ 200 சிறகு வடிவங்களைச் சோதித்துப் பட்டியலிட்டிருந்தனர். உண்மையான தொழில்நுட்பத்தின் பின்னால் இத்தகைய தோல்விகளின் குவியல் இருந்தே தீரும். பழங்காலத் தொழிலுக்கும் இது பொருந்தும். ஈரோடு மாவட்டத்துக் கொடுமணலில் இரும்பும் எஃகும் ஆக்கிய உலைகளின் எச்சங்கள் அகழ்வாராய்ச்சியில் வெளிப்பட்டுள்ளன. இராஜஸ்தானத்து ஜாவரில் துத்தநாகம் வடித்த மண்குழாய்கள் குவியல் குவியலாகக் கிடைக்கின்றன. இரும்புக் கிட்டத்தை விட்டுச் செல்லாத இரும்புத் தொழில் இல்லை. ஆயிரக்கணக்கான ஆண்டுகளுக்கு முன் விமானங்கள் கட்டப்பட்டிருந்தால், அவற்றின் பட்டறையும் உலையும் உடைந்த பாகங்களும் எங்கே என்று கேட்கக் களப்பணியாளரைவிட உரியவர் இலர்.

இன்னொரு சோதனையும் உண்டு. பழைய நூல் எனப்படுவது, தான் வெளிப்பட்ட நாளில் உலகம் அறியாதிருந்த ஒன்றையேனும் கூறுகிறதா? பின்னர் பொறியியலார் கண்டறிந்த ஒன்று அதில் முன்னரே இருந்ததா? 1911 பிப்ரவரியிலேயே அலகாபாத்திலிருந்து நைனிக்கு ஆகாய விமானத்தில் கடிதங்கள் கொண்டு செல்லப்பட்டன. விமானம் என்பது இந்நாட்டுப் பத்திரிகை வாசகருக்குப் புதிய செய்தியாக இருக்கவில்லை. அதன் பின்னர்ச் சொல்லப்பட்ட நூலில் விமானம் இருப்பது வியப்பன்று. அந்நூலைப் படித்து எந்த விமானத் தொழிற்சாலையும் ஒரு திருகாணியைக்கூட மாற்றியமைத்ததில்லை. 1940-இல் விமானத் தொழிற்சாலை தோன்றி, 1961-இல் மாருத் என்னும் போர் விமானம் முதன்முறை பறந்த பெங்களூர் நகரம் ஆனேக்கலுக்கு இத்தனை அருகில் இருந்தும் இதுவே நிலை.

இனி, இதே மைசூர் இராச்சியத்தில் ஏறத்தாழ அதே காலத்தில் நிகழ்ந்த மற்றொரு கண்டுபிடிப்பை இதன் அருகே வைத்துப் பார்க்க வேண்டும். தஞ்சை மாவட்டத்துப் பண்டிதர் ஒருவர் மைசூர் அரசாங்கக் கீழ்த்திசை நூலகத்துக்குக் கொணர்ந்து அளித்த கிரந்த எழுத்து ஓலைச்சுவடி ஒன்றில், மறைந்துபோனதாகக் கருதப்பட்ட கௌடிலீய அர்த்தசாஸ்திரம் இருப்பதை நூலகப் பண்டிதர் ஆர். சாமசாஸ்திரி 1905-இல் கண்டார். மூலத்தை 1909-இல் பதிப்பித்தார். ஆங்கில மொழிபெயர்ப்பு 1915-இல் பெங்களூர் அரசாங்க அச்சகத்தில் அச்சாயிற்று. அந்த நாளில் இதுவும் நம்பத்தகாத செய்தியாகவே பலருக்குத் தோன்றியிருக்கும். ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாகப் பெயரளவில் வழங்கிய நூல் ஒன்று, முன்னறிவிப்பின்றி ஒரு கட்டு ஓலையாக வந்து சேர்ந்தது. ஆனால் கேள்விகளுக்கு விடை இருந்தது. ஓலை கையில் இருந்தது; எவரும் எடுத்துப் பார்க்கலாம். காமந்தகர் தம் நீதிசாரத்தில் கௌடில்யரைப் பின்பற்றியிருந்தார். தண்டியும் பாணரும் அந்நூலைக் குறிப்பிட்டிருந்தனர். பின்னர் வேறு இடங்களில் கிடைத்த சுவடிகளைக் கொண்டு கணபதி சாஸ்திரி திருவனந்தபுரத்தில் தனிப் பதிப்பு வெளியிட முடிந்தது. வைமானிக சாஸ்திரமோ பல பழைய நூல்களைத் தான் மேற்கோள் காட்டுகிறது; அதை மேற்கோள் காட்டிய பழைய நூல் ஒன்றும் இல்லை.

அர்த்தசாஸ்திரத்தின் பழமை ஒப்புக்கொள்ளப்பட்டதால் அதன் மீதான விசாரணை முடிந்துவிடவில்லை என்பதே இங்கு மிகவும் சுவையான பகுதி. நிலத்தடி வழியைக் குறிக்க அந்நூல் சுருங்கா என்னும் சொல்லை ஆளுகிறது. தமிழில் சுரங்கம் என்று அன்றாடம் வழங்குவது அச்சொல்லின் வழிவந்ததே. அது கிரேக்க மொழியிலிருந்து வந்தது என்பது பெரும்பாலான அறிஞர் கொள்கை. ஆகவே கிரேக்கத் தொடர்புக்கு முன் அந்நூல் இன்றைய வடிவில் இருந்திருக்க முடியாது. சீனப்பட்டு என்னும் சொல்லும், பவளத்தின் பெயர்களும் இவ்வாறே ஆராயப்பட்டன. 1971-இல் டிரவுட்மன் என்னும் அமெரிக்க அறிஞர், சிறு இணைப்புச் சொற்கள் எத்தனை முறை வருகின்றன என்று எண்ணிப் பார்த்து, நூல் ஒரே ஆசிரியரின் கையால் ஆனதன்று என்று காட்டினார். மௌரியர் காலத்து அமைச்சரின் நூல் என்று தொடக்கத்தில் போற்றப்பட்டதை, கிறிஸ்துவுக்குப் பிந்திய முதல் நூற்றாண்டுகளில் முழு வடிவம் பெற்றதாக இன்று பலர் கருதுகின்றனர். சில நூற்றாண்டுகள் குறைந்ததனால் நூலின் மதிப்புக் குறைந்துவிட்டதா? இல்லை. உண்மையான நூல் இத்தகைய விசாரணையைத் தாங்கும். விசாரணைக்குப் பின் அதைப் பற்றி அறியப்படுவது மிகுதியாகும்.

பழைய நூல்களில் பறக்கும் பொறிகள் பேசப்படவே இல்லை என்று கூறுவதும் தவறு. சீவக சிந்தாமணியில் சச்சந்தன் செய்வித்த மயிற்பொறியில் விசயை தப்பிச் செல்வதைத் தமிழ் பயின்றோர் அறிவர். பதினோராம் நூற்றாண்டுப் போஜ மன்னரின் பெயரால் வழங்கும் சமராங்கண சூத்திரதாரம், பாதரசத்தின் துணையால் பறக்கும் மரப் பறவை ஒன்றை வருணிக்கிறது. இவை ஐயமற்ற பழைய நூல்கள். அவற்றில் காணப்படுவது மனிதனின் ஆசையும் கற்பனையும். அவ்வளவில் அவை விலைமதிப்பற்றவை. நூல் உண்மையாக இருப்பது ஒன்று, நூலில் சொல்லப்பட்ட பொறி உண்மையாக இயங்கியது என்பது வேறொன்று. இவ்விரண்டையும் வகுப்பறையில் பிரித்துக் காட்டினால் சிந்தாமணியின் அழகு கெட்டுவிடாது.

ஏட்டின் வயதை ஐயுறுவது பிற நாட்டார் இந்நாட்டின் மீது சுமத்தும் குற்றச்சாட்டு என்று சிலர் வருந்துகின்றனர். இதற்குப் புதுச்சேரியில் கிடைத்த ஒரு நூலின் கதை தக்க விடையாகும். எசூர்வேதம் என்னும் பெயரில், வேதம் ஒன்றின் பிரெஞ்சு மொழிபெயர்ப்பு என்று கூறப்பட்ட கையெழுத்துப் பிரதி 1760-ஆம் ஆண்டளவில் வால்டேரின் கைக்குச் சென்றது. ஐரோப்பாவின் தலைசிறந்த ஐயவாதியான அவர் அதை மிகப் பழைமையான நூல் என்று நம்பி, அரச நூலகத்தில் சேர்ப்பித்தார். 1778-இல் அது அச்சிலும் வந்தது. அது கிறிஸ்தவப் பாதிரிமார்களால் இயற்றப்பட்டது என்பது பின்னர் வெளிப்பட்டது. அதைத் தெளிவாக நிறுவியவர், திருக்குறளில் ஈடுபட்டவரும் தென்னாட்டு மொழிகள் தனிக் குடும்பம் என்று 1816-இல் எடுத்துக்காட்டியவருமான சென்னைக் கலெக்டர் எல்லிஸ். புதுச்சேரி மிஷன் நூலகத்தில் இருந்த மூலப் பிரதிகளையே அவர் கண்டார். அவற்றுள் இதுபோன்ற வேறு போலி வேதங்களும் இருந்தன. அவர் மறைவுக்குப் பின் 1822-இல் அக்கட்டுரை வெளிவந்தது. ஆசிரியர் இன்னார் என்று அவர் கருதியதைப் பிற்கால அறிஞர் ஏற்கவில்லை. நூல் பழையதன்று என்னும் முடிவை எவரும் அசைக்கவில்லை. ஐரோப்பியர் புனைந்த நூலுக்கும் ஆனேக்கலில் சொல்லப்பட்ட நூலுக்கும் ஒரே அளவுகோல்தான். அந்த அளவுகோலுக்கு நாடும் மதமும் இல்லை.

ஆனேக்கல் பண்டிதரை ஏமாற்றுக்காரர் என்று கூறுவதற்கு ஆதாரம் எதுவும் இல்லை. தமக்குத் தோன்றியதை அவர் உண்மையாகவே நம்பியிருக்கலாம். ஆயிரக்கணக்கான சுலோகங்களைத் தங்கு தடையின்றிச் சொல்லும் புலமை எளிதில் வாய்ப்பதன்று. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஒரு வடமொழிப் பண்டிதர் புதிய எந்திர உலகை எவ்வாறு தம் மொழியில் கனவு கண்டார் என்பதற்கு அந்நூல் ஓர் அரிய ஆவணம். அந்த இடத்தில் வைத்தால் அதற்கு மதிப்புண்டு. சில ஆயிரம் ஆண்டுகள் பின்னே தள்ளி வைத்தால் அந்த மதிப்பும் போய்விடுகிறது. காலத்தைத் திருப்பும் வித்தை என்று ஒன்று இருக்குமானால், அது இவ்வாறு நூலின் பிறந்த ஆண்டை மாற்றி எழுதுவது ஒன்றே. அதற்கு மந்திரமும் வேண்டாம், எந்திரமும் வேண்டாம்.

வேத கணிதம் என்னும் பெயரால் வழங்கும் கணக்கு முறைகளும் இவ்வகையில் எண்ணத்தக்கவை. பூரி சங்கராச்சாரியராக இருந்த பாரதி கிருஷ்ண தீர்த்தரின் நூல் அவர் மறைவுக்குப் பின் 1965-இல் வெளிவந்தது. அதிலுள்ள பதினாறு சூத்திரங்கள் அதர்வண வேதத்தின் பரிசிஷ்டத்தைச் சேர்ந்தவை எனப்பட்டன. அறியப்பட்ட பரிசிஷ்டம் எதிலும் அவை காணப்படவில்லை என்பதை நூலின் பொதுப் பதிப்பாசிரியரே முன்னுரையில் ஒப்புக்கொண்டார். விமான நூலுக்கும் இதற்கும் ஒரு முக்கிய வேற்றுமை உண்டு: இதிலுள்ள பெருக்கல் முறைகள் சரியான விடை தருகின்றன. ஆசிரியர் அவற்றைக் கற்பிக்கலாம். ஏன் சரியாக வருகின்றன என்பதை இயற்கணிதத்தால் விளக்கினால் இன்னும் நன்று. சரியான குறுக்கு வழிக்கு வேதத்தின் சாட்சி தேவையில்லை.

1974-இல் தீர்ந்துவிட்டதாகக் கருதப்பட்ட விஷயம் 2015 ஜனவரியில் மீண்டும் எழுந்தது. மும்பையில் நடைபெற்ற 102-ஆவது இந்திய விஞ்ஞான மாநாட்டில், வேத காலத்து விமானங்கள் நாடு விட்டு நாடும் கிரகம் விட்டுக் கிரகமும் சென்றன என்னும் கட்டுரை வாசிக்கப்பட்டது. அதற்கு ஆதாரமாகக் காட்டப்பட்டவற்றுள் வைமானிக சாஸ்திரம் தலையாயது. விஞ்ஞானிகள் பலர் கண்டித்தனர். ஆனால் கண்டனத்தைவிட அதிசயமே பத்திரிகைகளில் பெரிய எழுத்தில் வந்தது. பெங்களூர் ஐவரின் ஆராய்ச்சி அதுவரை எத்தனை பள்ளிகளை எட்டியிருந்தது என்பதே கேட்கத்தக்க கேள்வி. அது ஆங்கிலத்தில் வெளிவந்தது. விமானப் படங்களோ மொழி தேவையின்றிப் பரவின. பள்ளிக் கண்காட்சிகளில் சகுன விமானத்தின் அட்டை மாதிரியைச் செய்ய விரும்பும் மாணவனைத் தடுக்க வேண்டியதில்லை. மாதிரியின் அடியில் 1923, பெங்களூர், வரைந்தவர் எல்லப்பா என்று எழுதச் செய்தால் போதும். பார்ப்போரின் கேள்விகள் அந்த ஆண்டிலிருந்து தொடங்கும்.

களப்பணியாளரின் நிலை வேறு. அவர் கைக்கு உண்மையான ஓலையே வந்து சேரக்கூடும். ஓலை நம் தட்பவெப்பத்தில் சில நூற்றாண்டுகளுக்கு மேல் நிலைப்பது அரிது; ஆதலால் பழைய நூல்கள் படியெடுக்கப்பட்டே வந்துள்ளன. ஓலையின் வயதும் நூலின் வயதும் ஒன்றல்ல. 200 ஆண்டு ஓலையில் 2000 ஆண்டுப் பாடல் இருக்கலாம். சென்ற தலைமுறையில் எழுதிய மருந்துக் குறிப்பும் இருக்கலாம். கதிரியக்கக் கரிமச் சோதனையும் எல்லாவற்றையும் தீர்த்துவிடாது. ஓலையோ மரப்பட்டையோ எப்பொழுது வெட்டப்பட்டது என்பதையே அது காட்டும். 1881-இல் பெஷாவர் அருகே கிடைத்த பக்ஷாலி கணிதச் சுவடியின் மூன்று துண்டுகளை 2017-இல் ஆக்ஸ்போர்டில் சோதித்தபோது, அவை வெவ்வேறு நூற்றாண்டுகளைச் சேர்ந்தவை என்று முடிவு வந்தது. ஒரே எழுத்து, ஒரே நூல், தொடர்ந்து செல்லும் கணக்கு. அது எவ்வாறு பல நூற்றாண்டுகளில் எழுதப்பட்டிருக்கும் என்று கணித வரலாற்றறிஞர் மறுத்தனர். கருவியின் முடிவும் எழுத்தின் சான்றும் ஒன்றையொன்று திருத்த வேண்டியவை.

ஆகவே ஊரில் ஒரு கட்டு ஏடு காட்டப்படும்போது, அதில் என்ன அதிசயம் உள்ளது என்று படிக்க முயல்வதற்கு முன், அது எந்த வீட்டில், எவரிடம், எத்தனை தலைமுறையாக இருந்தது என்று கேட்டு எழுதிக்கொள்ளுதல் நலம். ஏடுகளை எண்ண வேண்டும். வரிசையை மாற்றக் கூடாது. கயிற்றை அவிழ்த்தால் அதே முறையில் கட்ட வேண்டும். எழுத்து தெரிவதற்காக மஞ்சளோ மையோ பூசுவதை நூலகத்தாரிடம் விட்டுவிட வேண்டும். முதல் ஏட்டையும் இறுதி ஏட்டையும் படமெடுக்க வேண்டும். படியெடுத்தவர் தம் பெயரையும் ஆண்டையும் பெரும்பாலும் இறுதி ஏட்டிலேயே குறிப்பர். உரியவர் ஏட்டைத் தர விரும்பாவிடில் வற்புறுத்தலாகாது. படமும் விவரமும் போதும். சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகத்துக்கும் தஞ்சை சரசுவதி மகாலுக்கும் இந்த விவரங்களை அனுப்பலாம். அர்த்தசாஸ்திரச் சுவடியை மைசூருக்குக் கொண்டு சென்ற தஞ்சைப் பண்டிதரின் பெயர் சாமசாஸ்திரியின் முன்னுரையில் இல்லை. அந்த ஓலை எந்த ஊரில் எவர் வீட்டில் இருந்தது, அதன் தாய்ப்பிரதி எங்கே போயிற்று என்று இன்று தேடுவோருக்குத் தஞ்சை மாவட்டம் என்னும் ஒரு சொல்லே மிஞ்சியுள்ளது.